அறிஞர் ஜான் ரஸ்கின்

பொருளீட்டுதல் இல்வாழ்வார்க்கு இன்றியமையாதது என்பதை யாவரும் அறிவர். ஈட்டிய பொருள் எவ்வழியான் வந்தது, எவர்க்குப் பயன்பட்டது என்று ஆராய்வாரோ மிகச் சிலர். அவ்வாராய்ச்சியைத் தம் வாழ்நாட் பணியாகக் கொண்டு, ஓவியத்தில் தொடங்கி ஏழைத் தொழிலாளர் வாழ்வில் வந்து நின்ற ஒரு பேரறிஞரின் சரித்திரத்தை, நம் சங்கத்து அன்பர்களுக்கும் அவர்தம் மக்களுக்கும் யாம் ஈண்டுச் சுருங்கக் கூறப் புகுகின்றோம். அவர் ஆங்கில நாட்டு ஜான் ரஸ்கின் என்பார்.

ரஸ்கின் 1819-ஆம் ஆண்டு பிப்ரவரி மாதம் 8-ஆம் நாள் இலண்டன் மாநகரிற் பிறந்தார். தந்தையார் ஸ்பெயின் தேசத்துத் திராட்சை மதுவை வருவித்து விற்ற பெருவணிகர்; கடன்பட்டு நொடித்த தம் தந்தையின் கடனையெல்லாம் தம் உழைப்பால் தீர்த்த நேர்மையாளர். அன்னையார் நாடோறும் விவிலிய நூலை மகனுக்கு ஓதுவித்து, பல பகுதிகளை மனப்பாடம் செய்வித்தார். உடன்பிறந்தாரில்லாத அப்பிள்ளைக்கு விளையாட்டுப் பொருள்களும் அரியனவாயிருந்தன. ஆகவே வீட்டிலுள்ள கம்பளத்தின் கோலங்களையும், தோட்டத்து இலைகளையும், மேகங்களையும் நெடுநேரம் நோக்கியிருத்தலே அவர்க்கு விளையாட்டாயிற்று. கூர்ந்து நோக்கும் அப்பழக்கமே பிற்காலத்து அவர் புலமைக்கெல்லாம் வித்தாயிற்று என்பது எம் கருத்து.

அவருடைய 13-ஆவது பிறந்த நாளன்று, டர்னர் என்னும் ஓவியர் தீட்டிய படங்கள் அமைந்த நூலொன்று பரிசாகக் கிடைத்தது. அன்று முதல் டர்னரிடத்து அவர்க்குண்டான ஈடுபாடு அளவிறந்தது. பின்னர் அவ்வோவியரைப் பத்திரிகையாளர் எள்ளி நகையாடக் கண்டு, 1843-இல், தம் 24-ஆம் வயதிலே, 'தற்கால ஓவியர்' என்னும் நூலின் முதற்பகுதியைப் பெயர் கூறாது வெளியிட்டார். மலையும் கடலும் முகிலும் உண்மையில் எவ்வாறு உள்ளனவென்று கண்ணாற் கண்டறியாதார் ஓவியத்தைப் பழித்தல் தகாது என்பது அந்நூலின் சாரம். ஐந்து பகுதிகளாக விரிந்த அது 1860-இல் நிறைவெய்தியது. டர்னர் இறந்த பின்னர், அவர் நாட்டுக்கு விட்டுச்சென்ற ஏறக்குறைய 19,000 சித்திரங்களை ஒழுங்குபடுத்திய பெருமையும் ரஸ்கினையே சாரும்.

1848-இல் அவர் செய்துகொண்ட மணம் இனிது நிலவாமல் 1854-இல் சட்டப்படி நீங்கியது. அதனை விரித்துரைத்தல் வேண்டா.

1851 முதல் 1853 வரை மூன்று பகுதிகளாக வந்த 'வெனிஸ் நகரத்துக் கற்கள்' என்னும் நூலே அவர் வாழ்வின் திருப்பமெனலாம். பழைய கோயில்களின் தூண்களையும் வளைவுகளையும் ஏணியில் ஏறி அளந்து வரைந்த அவர், கல்லைப் பார்த்தவிடத்துச் சிற்பியையும் பார்த்தார். இடைக்காலத்துச் சிற்பியின் வேலை சிற்சில இடங்களிற் கரடுமுரடாயினும், அதில் அவன் மனமும் மகிழ்ச்சியும் உள்ளன. இக்காலத்துத் தொழிற்சாலைப் பொருள் வழுவழுப்பாயினும், அதனைச் செய்தவன் பொறியின் ஓர் உறுப்பாகிவிட்டான் என்று உணர்ந்தார். 1854 முதல் இலண்டனில் உழைப்பாளர் கல்லூரியில் ஊதியமின்றிச் சித்திரம் பயிற்றினார். தச்சனை ஓவியனாக்குதல் அவர் நோக்கமன்று. தச்சன் தச்சனாகவே இருந்து மகிழ்தல் வேண்டும் என்பதே. சித்திரம் கற்றாற் பிழைப்புக்கு என்ன பயன் என்று எம்மை வினவும் பெற்றோர்க்கு யாம் இதனையே விடையாகக் கூறுவதுண்டு.

1860-இல் ஒரு மாதப் பத்திரிகையிற் பொருளியலைப் பற்றிக் கட்டுரைகள் வரைந்தார். வாசகர் வெகுண்டெழுந்தமையால் நான்கு கட்டுரைகளோடு பத்திரிகையார் நிறுத்திவிட்டனர். அவையே 1862-இல் 'கடையனுக்கும்' என்று பொருள்படும் பெயரோடு நூலாயின. போர்வீரன் நாட்டைக் காக்கின்றான், மருத்துவன் உடலை ஓம்புகின்றான், ஆசிரியன் அறிவூட்டுகின்றான், வணிகனோ நாட்டார்க்கு வேண்டும் பொருளைக் குறைவற உதவுங் கடமை பூண்டவன். நேரிட்டவிடத்து ஏனையோர் தம் கடமைக்காக உயிரையும் விடுவரெனின், வணிகனும் கலப்படமும் வஞ்சமும் செய்வதினும் நட்டத்தையும் வறுமையையும் ஏற்றல் வேண்டும் என்று அவர் வாதித்தார். மக்களின் நல்வாழ்வே செல்வம். அதனைக் கெடுத்துக் குவித்த பொன் செல்வமன்று என்பது அவர் முடிவு. வணிகர் மகன் வணிகர்க்குரைத்த இவ்வறத்தைக் காட்டினும் சிறந்த அறவுரை எமக்குத் தோன்றவில்லை.

1864-இல் தந்தையார் மறைந்தார். முற்றும் நேர்மையான வணிகர் என்று அவர் கல்லறையிற் பொறிப்பித்தார் மைந்தர். கிடைத்த செல்வம் ஏறத்தாழ 1,20,000 பவுன். அதன் பெரும்பகுதியைத் தம் வாழ்நாளிலேயே வழங்கினார். 1865-இல் இலண்டனில் ஏழையர் வீடுகளை வாங்கி, ஆக்டேவியா ஹில் என்னும் அம்மையாரிடம் ஒப்புவித்து, அவற்றைச் செப்பனிட்டு நியாயமான வாடகைக்கு விடச் செய்தார். 1875-இல் ஷெபீல்டு நகரத்து எஃகுத் தொழிலாளர்க்கென ஒரு காட்சிசாலை அமைத்தார். ஆக்ஸ்போர்டில் ஓவியக்கலைப் பேராசிரியராயிருந்தபோது, 1874-இல் மாணாக்கரை மண்வெட்டி எடுப்பித்துச் சிற்றூர்க்குச் சாலை போடுவித்தார். சாலை கோணலாயிற்று; ஊரார் நகைத்தனர். ஆயினும் உடலுழைப்பு இழிவன்று என்னும் பாடம் கோணவில்லை. 1884-இல், ஆலைப்புகை வானத்தையே மாற்றுகின்றதென்று அவர் எச்சரித்தபோது பித்தரென்றனர். இன்று அதனை நகைப்பார் இலர்.

குற்றமும் கூறுதல் நடுநிலையாகும். 1857-ஆம் ஆண்டு எழுச்சியையொட்டி, இந்தியாவைக் கண்ணாற் காணாத ரஸ்கின், நம் நாட்டுக் கலை இயற்கையைப் புறக்கணிப்பதென்றும், அது மக்களைக் கொடியராக்குமென்றும் 1858-இற் பேசினார். காணாது பழித்தல் தகாதென்று டர்னர் பொருட்டு வாதாடியவரே காணாது பழித்தார். யாம் இதற்கு வருந்துகின்றோம். எனினும் காலம் வியத்தகு முறையில் ஈடு செய்தது. ரஸ்கினைப் பின்பற்றிய வில்லியம் மாரிஸ் பயன்படுத்திய அதே அச்சுப்பொறியில், 1908-இல், இலங்கைத் தமிழர் மரபினராகிய ஆனந்த குமாரசுவாமி சிங்களக் கலையைப் பற்றிய தம் பெருநூலை அச்சிட்டு, கீழ்நாட்டுக் கைவினைஞர் பெருமையை நிலைநாட்டினார். அவர்க்கு முன்னரே, 1904-இல், ஜோகனஸ்பர்க்கிலிருந்து டர்பனுக்குச் சென்ற இரயிலில் காந்தியடிகள் 'கடையனுக்கும்' என்னும் அந்நூலை ஓரிரவில் ஓதி, அவ்வாண்டே பீனிக்ஸ் குடியிருப்பை நிறுவினார். 1908-இல் அதனைக் குஜராத்தியிற் சுருக்கி, 'சர்வோதயம்' எனப் பெயரிட்டார். ஆங்கிலச் செல்வர் ஏலாதொதுக்கிய நூல், அவர் இகழ்ந்த நாட்டின் விடுதலைக்கு உரமாயிற்று.

இறுதியாண்டுகளில் மனநோயால் வாடிய ரஸ்கின், கானிஸ்டன் ஏரிக்கரையிலுள்ள தம் இல்லத்தில் 1900-ஆம் ஆண்டு ஜனவரி மாதம் 20-ஆம் நாள் மறைந்தார். இலண்டனில் அரசர்க்கும் புலவர்க்கும் உரிய பெருங்கோயிலில் அடக்கஞ் செய்ய அழைப்பு வந்தும், அவர் விருப்பப்படி அச்சிற்றூர் மண்ணிலேயே அடக்கஞ் செய்தனர்.

அன்பர்களே! நம் இல்லத்துக் கணக்கேட்டைப் புரட்டும்போது, வரவு இவ்வளவு என்பதோடு நில்லாது, அவ்வரவால் எவர் வாழ்ந்தார், எவர் தாழ்ந்தார் என்றும் ஒருமுறை வினவிக்கொள்வோமாக. நம் மக்களுக்கும் அவ்வினாவைக் கற்பிப்போமாக. ரஸ்கினுக்கு நாம் செலுத்தத்தகும் நன்றி அதுவே.