ஜன்கட் சிங் ஷியாம்: கலைஞர் என்ற பெயரும் கூலி என்ற நிலையும்

2001 ஜூலையில் ஜப்பானின் நீகாதா மாநிலத்தில், தோகாமாச்சியில் உள்ள மிதிலா அருங்காட்சியகத்தில் தங்கி ஓவியம் வரைந்துவந்த இந்தியப் பழங்குடிக் கலைஞர் ஒருவர் தன் உயிரை மாய்த்துக்கொண்டார். அப்போது அவருக்கு நாற்பது வயதுகூட ஆகவில்லை. பாரிஸ் வரை புகழ்பெற்ற ஜன்கட் சிங் ஷியாம்தான் அவர்.

மத்தியப் பிரதேசத்தில், அன்றைய மண்டலா மாவட்டத்தின் பாடன்கட் கிராமத்தில் 1960களின் தொடக்கத்தில் அவர் பிறந்தார். இன்று அவ்வூர் திண்டோரி மாவட்டத்தில் இருக்கிறது. அவர் பிறந்த பிரதான் சமூகத்தினர் கோண்டுகளின் பாணர்கள். பானா என்னும் நரம்பிசைக் கருவியை மீட்டி, கோண்டுக் குடும்பங்களின் குலவரலாற்றையும் படாதேவ் கடவுளின் கதைகளையும் பாடுவது அவர்களுடைய மரபுத்தொழில். கோண்டு இனத்தின் நினைவையே அவர்கள் காத்துவந்தனர். ஆயினும் கோண்டுகள் அவர்களைத் தம்மினும் தாழ்ந்தோராகவே நடத்தினர். சடங்குக்கு இன்றியமையாதவரே சமூகத்தில் ஒதுக்கப்பட்டவராகவும் இருக்கும் இந்த நிலை, பறை இசைத்தவர்களின் வரலாற்றை அறிந்த நமக்குப் புதிதன்று.

காலப்போக்கில் கோண்டுகளின் ஆதரவு தேய்ந்தது, பானாவும் ஓய்ந்தது. ஜன்கட் பள்ளிப்படிப்பைப் பாதியில் விட்டு எருமை மேய்த்தார், கூலி வேலை செய்தார். வீட்டுச் சுவர்களில் மண் வண்ணங்களால் தெய்வங்களையும் விலங்குகளையும் வரைந்தார்.

1980களின் தொடக்கத்தில் போபாலில் பாரத் பவன் உருவாகிக்கொண்டிருந்தது. அதன் ரூபங்கர் கலைக்கூடத்தின் இயக்குநர் ஜெ. சுவாமிநாதன், சிம்லாவில் ஒரு தமிழ்க் குடும்பத்தில் பிறந்த ஓவியர். பழங்குடிக் கலை கடந்தகாலத்தின் எச்சமன்று, அதுவும் சமகாலக் கலையே என்பது அவருடைய நிலைப்பாடு. நகர்ப்புற ஓவியங்களுக்கும் பழங்குடி ஓவியங்களுக்கும் ஒரே கலைக்கூடத்தில் அவர் இடமளித்தார். கலைஞர்களைத் தேடி அவர் ஊர் ஊராக அனுப்பிய குழுவினர் பாடன்கட்டில் ஜன்கட்டின் சுவரோவியத்தைக் கண்டனர். போபாலுக்கு வந்த ஜன்கட், காகிதத்தையும் போஸ்டர் வண்ணங்களையும் கையில் எடுத்தார்.

அதன்பின் பிறந்தது முற்றிலும் புதிய ஓவியமொழி. அதுவரை பாட்டில் மட்டும் வாழ்ந்த தெய்வங்கள் புள்ளிகளாலும் நுண்கோடுகளாலும் உருவம் பெற்றன. மான் கொம்புகள் மரங்களாகக் கிளைத்தன. இம்முறை இன்று 'ஜன்கட் கலம்' எனப்படுகிறது. இத்தகையோரைக் கலை உலகம் கற்காத ஓவியர்கள் என்றும் வெள்ளந்திக் கலைஞர்கள் என்றும் வகைப்படுத்துகிறது. கல்லூரியில் பயிலாததைக் கல்லாமை என்று கொள்ளும் பார்வை அது. தலைமுறைகளின் பாட்டு மரபைத் தனியொருவராக ஓவியமாக்கியவரை வெள்ளந்தி என்பது பாராட்டாகாது. அவருடைய அறிவை மறுப்பதாகும்.

1986இல் மத்தியப் பிரதேச அரசு அவருக்குச் சிகர் சம்மான் விருது வழங்கியது. சார்லஸ் கொரியா வடிவமைத்த போபால் சட்டமன்றக் கட்டடத்தின் சுவர்களில் அவர் வரைந்தார். 1989இல் பாரிஸின் பொம்பிடு மையம் நடத்திய 'மஜீசியான் த லா தேர்' கண்காட்சியில் உலகின் முன்னணிக் கலைஞர்களோடு அவருடைய படைப்புகளும் இடம்பெற்றன. ஊரிலிருந்து உறவினர்களை அழைத்துவந்து அவர் தூரிகை பிடிக்கப் பழக்கினார். போபாலில் இரவுக் காவலராக இருந்த பஜ்ஜு ஷியாமும் அவ்வாறு வந்தவரே. பஜ்ஜுவின் லண்டன் அனுபவங்களைப் பின்னர் சென்னையின் தாரா பதிப்பகம் ஓவிய நூலாக்கியது. அம்பேத்கரின் வாழ்வைச் சித்திரித்த 'பீமாயணா' நூலை வரைந்த துர்காபாய் வியாமும் சுபாஷ் வியாமும் இதே மரபினர். ஜன்கட் திறந்த வழியில்தான் கோண்டு ஓவியம் அம்பேத்கரை வந்தடைந்தது.

ஜப்பான் அவருக்கு அந்நிய நாடன்று. முதல் பயணத்தின் நினைவாக மகளுக்கு ஜபானி என்றே பெயரிட்டிருந்தார். ஆனால் கடைசிப் பயணம் வேறுவிதமாக முடிந்தது. குறைந்த மாதச் சம்பளத்துக்கு அவர் வரைந்ததாகவும், ஊர் திரும்ப விரும்பிய நிலையிலும் தங்கும் காலம் நீட்டிக்கப்பட்டதாகவும், கடவுச்சீட்டு அவர் கையில் இல்லை என்றும் அப்போது செய்திகள் வெளியாயின. இந்தியக் கலைஞர்கள் விசாரணை கோரினர். குற்றச்சாட்டு வேறு, நிறுவப்பட்ட குற்றம் வேறு என்பதை மறப்பதற்கில்லை. ஆயினும் ஒரு கேள்வி எஞ்சுகிறது. உலகப் புகழ் பெற்ற கலைஞர் புலம்பெயர்ந்த கூலித் தொழிலாளியின் நிலைக்கு எவ்வாறு வந்தார்?

விடையின் ஒரு பகுதி சட்டத்தில் உள்ளது. நம் பதிப்புரிமைச் சட்டம், 1957இன் 17ஆம் பிரிவுப்படி, பணி ஒப்பந்தத்தின்கீழ் ஒருவர் வேலையின்போது படைத்ததற்கு, மாறான உடன்பாடு இல்லையெனில், வேலையளிப்பவரே முதல் உரிமையாளர். 1994இல் சேர்க்கப்பட்ட 53அ பிரிவு, பத்தாயிரம் ரூபாய்க்கு மேல் மறுவிற்பனையாகும் மூல ஓவியத்தின் விலையில் ஓவியருக்கும் அவர் வாரிசுகளுக்கும் பத்து விழுக்காடு வரை பங்கு தருகிறது. ஆனால் ஓவியரே முதல் உரிமையாளராக இருந்தால்தான் அப்பங்கு கிடைக்கும். ஆக, மாதச் சம்பளம் என்ற ஒரு சொல் படைப்பாளியைத் தன் படைப்பிலிருந்தே வெளியேற்றிவிடும்.

2010இல் நியூயார்க்கில் ஜன்கட்டின் 1988ஆம் ஆண்டு ஓவியமொன்று 31,250 டாலருக்கு, அதாவது ஏறத்தாழ 14 லட்சம் ரூபாய்க்கு, ஏலம் போனது. அயல்நாட்டில் நடக்கும் ஏலத்தை நம் 53அ எட்டிப்பிடிப்பது அரிது.

திருவில்லிபுத்தூர் நீதிமன்ற வளாகத்தில் இருந்துகொண்டு இதை எழுதுகையில் நம் பகுதியினரே நினைவுக்கு வருகின்றனர். பொங்கலுக்கும் கொடைக்கும் காவல் தெய்வங்களுக்கு வண்ணம் தீட்டுவோரும், ராஜபாளையம் தெருக்களில் சுவரெழுதுவோரும், பறைக் குழுவினரும் இன்றும் அச்சாரத்தையும் வாய்ச்சொல்லையும் நம்பியே வேலைக்குச் செல்கின்றனர். கூலி பாக்கி என்று வருவோரிடம் எழுத்து ஏதும் உண்டா என்று கேட்டால், பெரும்பாலும் இல்லை என்பதே பதில். கல்லூரி மாணவர்கள் அவர்களைப் படம்பிடித்துப் பகிர்வதோடு நின்றுவிடலாகாது. வேலை, கூலி, காலம், திரும்பும் செலவு, படைப்பின் உரிமை ஆகிய ஐந்தையும் ஒரு தாளில் எழுதிக் கையொப்பம் பெற உதவினால், அதுவே ஜன்கட்டுக்குச் செய்யும் மரியாதை.