இல்லாத புத்தகத்துக்கு ஊரையே அலையவிட்ட ரேடியோக்காரர்: யார் இந்த ஜீன் ஷெப்பர்ட்?

ராத்திரி இயர்போனில் பாட்காஸ்ட் கேட்டுக்கொண்டே தூங்கும் ஆளா நீங்கள்? அப்படியானால் இவரைத் தெரிந்துகொள்ள வேண்டும். கையில் ஸ்கிரிப்ட் இல்லாமல், விருந்தினர் யாரும் இல்லாமல், ஒரே ஒரு ஆள் மைக் முன்னால் உட்கார்ந்து கதை பேசுவதை 1950-களிலேயே தன் அடையாளமாக்கியவர் ஜீன் ஷெப்பர்ட். நம்ம ஊரில் அவ்வளவாகத் தெரியாத பெயர். ஆனால் கிறிஸ்துமஸ் வந்தால் லட்சக்கணக்கான அமெரிக்க வீடுகளில் டிவி வழியாக அவர் குரல் இன்றும் கேட்கிறது.

வேடிக்கை என்னவென்றால், தனக்குப் பேர் வாங்கிக் கொடுத்த ரேடியோவை அவரே கடைசிவரை பெரிதாக மதிக்கவில்லை.

ஸ்டீல் ஆலை ஊர்ப் பையன்

1921 ஜூலை 26-ல் சிகாகோவில் பிறந்தார். வளர்ந்தது பக்கத்தில் உள்ள ஹாமண்ட் என்ற ஊரில். இண்டியானா மாநிலத்தில் ஸ்டீல் ஆலைகளும் எண்ணெய் சுத்திகரிப்பு ஆலைகளும் சூழ்ந்த தொழிலாளர் பகுதி அது. 1930-களின் பொருளாதார மந்தநிலையில்தான் அவருடைய பள்ளிப் பருவம் கழிந்தது. பள்ளி நாட்களிலேயே ஹாம் ரேடியோ உரிமம் எடுத்துவிட்டார். கொஞ்ச காலம் ஸ்டீல் ஆலைக்குள் தபால் கொண்டுபோய்க் கொடுக்கும் வேலையும் பார்த்தார். இரண்டாம் உலகப் போரின்போது ராணுவத்தின் தகவல் தொடர்புப் பிரிவில் இருந்தார்.

போர் முடிந்ததும் சின்சினாட்டி, பிலடெல்பியா என்று பல ஊர் ரேடியோ நிலையங்களில் வேலை. 1955-ல் நியூயார்க்கின் டபிள்யூ.ஓ.ஆர். நிலையத்துக்கு வந்தார். 50 கிலோவாட் சக்தி கொண்ட நிலையம் என்பதால் ராத்திரி நேரத்தில் பல மாநிலங்களில் கேட்கும்.

நள்ளிரவு 1 மணிக்கு யார் கேட்பார்கள்?

1956-ல் அவருக்குக் கிடைத்தது நள்ளிரவு 1 மணி முதல் விடிகாலை 5.30 வரையிலான நேரம். யாருக்கும் வேண்டாத ஸ்லாட். ஆனால் ஷிப்ட் வேலை பார்ப்பவர்கள், மாணவர்கள், இசைக் கலைஞர்கள், சும்மாவே தூக்கம் வராதவர்கள் என்று ஒரு கூட்டம் அவரைச் சுற்றிச் சேர்ந்தது. உலகத்தில் இரண்டு வகை மனிதர்கள்: ராத்திரி ஆட்கள், பகல் ஆட்கள் என்பது அவர் தியரி. அட்டவணை, பட்டியல், தரவரிசை எல்லாவற்றையும் அப்படியே நம்புகிறவர்கள் பகல் ஆட்களாம்.

இந்தத் தியரியை நிரூபிக்கத்தான் அந்தப் பிரபலமான விளையாட்டு நடந்தது.

இல்லாத புத்தகம் பிரபலமானது எப்படி?

அன்றைக்கு பெஸ்ட்செல்லர் பட்டியல்கள் விற்பனையை மட்டும் வைத்துத் தயாராகவில்லை. கடைகளில் மக்கள் எந்தப் புத்தகத்தைக் கேட்டு வருகிறார்கள் என்பதும் கணக்கில் வரும். இது ஷெப்பர்டை உறுத்தியது. நேயர்களிடம் ஒரு யோசனை சொன்னார். எல்லோரும் கடைக்குப் போய், உலகத்திலேயே இல்லாத ஒரு புத்தகத்தைக் கேட்டால் என்ன?

நேயர்களோடு சேர்ந்து பெயரும் வைத்தாயிற்று. ‘ஐ, லிபர்ட்டீன்’ என்பது தலைப்பு. எழுதியவர் ஃப்ரெடரிக் ஆர். யூயிங் என்ற முன்னாள் பிரிட்டிஷ் கடற்படை அதிகாரி. அந்த ஆளும் கற்பனைதான். நேயர்கள் கடை கடையாகப் போய்க் கேட்க ஆரம்பித்தார்கள். கடைக்காரர்கள் குழம்பிப்போய் விநியோகஸ்தர்களிடம் விசாரித்தார்கள். பத்திரிகைகளில் பெயர் அடிபட்டது. புத்தகத்தைப் படித்துவிட்டதாகச் சொல்லிக்கொள்ளும் ஆட்களும் கிளம்பினார்கள்.

கடைசியில் 1956 ஆகஸ்டில் வால் ஸ்ட்ரீட் ஜர்னல் விஷயத்தைப் போட்டு உடைத்தது. கதை அதோடு முடியவில்லை. இவ்வளவு பேர் கேட்கும் புத்தகத்தை ஏன் போடக்கூடாது என்று பாலன்டைன் பதிப்பகம் முன்வந்தது. அறிவியல் புனைகதை எழுத்தாளர் தியடோர் ஸ்டர்ஜன் எழுத, செப்டம்பரில் புத்தகம் நிஜமாகவே வெளிவந்தது. வருமானம் தொண்டுக்குப் போனது.

டிரெண்டிங்கில் இருப்பதாலேயே ஒரு விஷயத்தை நல்லது என்று நாம் நம்பிவிடுகிறோம் இல்லையா? அந்தப் பழக்கத்தை அவர் சமூக வலைதளங்களுக்குப் பல பத்தாண்டுகளுக்கு முன்பே சோதித்துப் பார்த்துவிட்டார்.

சோப்பால் போன வேலை, சோப்பாலேயே வந்தது

விளம்பரதாரர்களுக்குப் பிடித்த ஆள் இல்லை என்று நிர்வாகம் அதே வருஷம் அவரை நீக்கப் பார்த்தது. அவர் என்ன செய்தார் தெரியுமா? காசே கொடுக்காத ‘ஸ்வீட்ஹார்ட்’ சோப்புக்கு ஷோவில் தானாகவே விளம்பரம் செய்தார். உடனே வேலை போனது. நேயர்கள் கொந்தளித்தார்கள். கடைசியில் அந்த சோப்பு கம்பெனியே ஸ்பான்சராக வர முன்வந்தது. வேலையும் திரும்பக் கிடைத்தது.

பிறகு வந்த 45 நிமிஷ இரவு ஷோதான் ஒரு தலைமுறையையே பிடித்து வைத்தது. வீட்டுக்குத் தெரியாமல் தலையணைக்கு அடியில் டிரான்சிஸ்டரை வைத்துக் கேட்ட பிள்ளைகள் ஏராளம். நகைச்சுவை நடிகர் ஜெர்ரி சைன்ஃபெல்ட், தன் நகைச்சுவை உணர்வே இவரிடமிருந்து வந்ததுதான் என்று சொல்லியிருக்கிறார். ரேடியோவை ஜன்னலில் வைத்து சத்தத்தை முழுசாகக் கூட்டச் சொல்லிவிட்டு, திடீரென்று கத்தித் தெருவையே எழுப்பிவிடுவது ஷெப்பர்டின் வழக்கமான குறும்பு.

எழுத்தும் சினிமாவும்

ரேடியோவில் சொன்ன ஹாமண்ட் கதைகள் மெல்ல எழுத்தாக மாறி பிளேபாய் இதழில் வந்தன. 1966-ல் நாவலாகத் தொகுக்கப்பட்டன. நம்ம பெட்டிக்கடைகளில் ‘கடன் அன்பை முறிக்கும்’ என்று போர்டு தொங்குமே, அதுபோல அமெரிக்கக் கடைகளில் தொங்கிய ஒரு வாசகம்தான் தலைப்பு: கடவுளை நம்புகிறோம், மற்றவர்கள் ரொக்கம் கொடுக்கவும்.

கிறிஸ்துமஸுக்கு விளையாட்டுத் துப்பாக்கி கேட்டு அலையும் ஒரு பையனின் கதை அதில் உண்டு. பாப் கிளார்க் இயக்கத்தில் 1983-ல் அது ‘எ கிறிஸ்துமஸ் ஸ்டோரி’ படமானது. வளர்ந்துவிட்ட பையனின் குரலாகக் கதை சொல்வது ஷெப்பர்டேதான். 1997 முதல் ஒவ்வொரு கிறிஸ்துமஸுக்கும் அமெரிக்க டிவியில் 24 மணி நேரம் தொடர்ந்து ஓடுகிறது. 2012-ல் அமெரிக்க தேசியத் திரைப்படப் பதிவேட்டிலும் இடம்பெற்றது.

இவ்வளவும் அவருடைய சொந்த வாழ்க்கை என்றுதான் பலர் நினைத்தார்கள். கற்பனை என்று அவர் திரும்பத் திரும்பச் சொல்ல வேண்டியிருந்தது. நிஜ வாழ்க்கை வேறு மாதிரி இருந்தது. ஒரு திருமணத்தில் இரண்டு பிள்ளைகள். விவாகரத்துக்குப் பிறகு அவர்களோடு தொடர்பு கிட்டத்தட்ட அறுந்துவிட்டது. தனக்குப் பிள்ளைகளே இல்லை என்று உயிலில் எழுதினார். அப்பா, பிள்ளை பாசத்தை வைத்து ஒரு நாட்டையே சிரிக்கவைத்தவரின் இன்னொரு பக்கம் இது. ரசிகர்களுக்கு இன்றும் ஜீரணமாகாத பக்கமும் கூட.

மிச்சம் இருப்பது என்ன?

1977-ல் டபிள்யூ.ஓ.ஆரை விட்டு விலகினார். தன்னை எழுத்தாளராகவும் சினிமாக்காரராகவும்தான் உலகம் பார்க்க வேண்டும் என்று விரும்பினார். பழைய ரேடியோ நாட்களைப் பற்றிக் கேட்டால், அது வெறும் ஒரு வேலை என்கிற மாதிரிதான் பேசுவார். நீண்ட காலம் தயாரிப்பாளராகவும் மனைவியாகவும் கூடவே இருந்த லீ பிரவுன் 1998-ல் இறந்தார். அடுத்த வருஷம், 1999 அக்டோபர் 16-ல் ஃப்ளோரிடாவில் ஷெப்பர்டும் காலமானார். வயது 78.

ஆனால் நேயர்கள் அந்த வேலையை அப்படி நினைக்கவில்லை. வீட்டில் டேப் ரெக்கார்டர் வைத்து அவர் பேச்சைப் பதிவு செய்து, பத்திரமாக வைத்து, ஒருவருக்கொருவர் கைமாற்றிக்கொண்டார்கள். அதனால்தான் பல நூறு நிகழ்ச்சிகளை இன்றைக்கு இணையத்தில் இலவசமாகக் கேட்க முடிகிறது. 2005-ல் அமெரிக்க ரேடியோ ஹால் ஆஃப் ஃபேமில் அவர் பெயர் சேர்ந்தது. காற்றோடு போய்விடும் என்று அவர் நினைத்த பேச்சை, தூக்கம் வராத அந்த ராத்திரி ஆட்கள்தான் காப்பாற்றிக் கொடுத்தார்கள்.