காக்கா விரட்டின பையன் பார்லிமெண்டுக்குப் போன கதை

நம்ம கூட்டமைப்பு மலருக்கு ஒரு தலைவரோட வாழ்க்கையை எழுதச் சொன்னாங்க. காந்தி, காமராசர் பத்தி எல்லாருக்கும் தெரியும். நான் இங்கிலாந்து நாட்டுல வயல் கூலியா இருந்து பார்லிமெண்டுக்குப் போன ஜோசப் ஆர்ச் பத்தி எழுதுறேன்.

அவர் 1826-ஆம் வருஷம் வார்விக்‌ஷயர் மாவட்டத்துல பார்ஃபோர்டு என்கிற கிராமத்தில் பிறந்தார். அப்பா கூலி வேலை. அம்மா ஊரார் துணி துவைச்சுக் கொடுப்பாங்க. சொந்தமா ஒரு சின்ன வீடு மட்டும் இருந்தது. மத்த கூலிக்காரங்க பண்ணையார் வீட்டில் குடியிருந்ததால், எதிர்த்துப் பேசினால் வீட்டை விட்டு வெளியேத்திடுவாங்க. இவங்களை அப்படி வெளியேத்த முடியாது.

ஒரு சமயம், ரொட்டி விலை குறையக்கூடாதுன்னு பண்ணையாருங்க ஒரு மனுவில் கையெழுத்துக் கேட்டாங்க. அப்பா போட மாட்டேன்னுட்டார். 18 வாரம் யாரும் அவருக்கு வேலை கொடுக்கலை. அந்த 18 வாரமும் குடும்பம் சாப்பிட்டது அம்மா துணி துவைச்ச காசுலதான்.

அந்த அம்மாவுக்குத் தைரியம் அதிகம். ஊர்ப் பள்ளிக்கூடத்துல படிக்கிற ஏழைப் பொண்ணுங்க எல்லாம் சட்டியைக் கவுத்து வெட்டின மாதிரி முடியை வெட்டிக்கணும்னு பாதிரியார் மனைவி உத்தரவு போட்டாங்க. என் பொண்ணுங்க முடியில கை வைக்கக் கூடாதுன்னு இந்த அம்மா எதிர்த்து நின்னாங்க. கடைசி வரைக்கும் வெட்ட விடலை.

ஜோசப் பள்ளிக்கூடம் போனது மூணு வருஷம்தான். 9 வயசுல வயலில் காக்கா விரட்டுற வேலைக்குப் போனார். 12 மணி நேரத்துக்கு 4 பென்ஸ் கூலி. அப்புறம் ஏர் ஓட்டினார். உயிர்வேலி வெட்டுற வேலையில் பெரிய கெட்டிக்காரர்னு பேர் வாங்கி, ஊர் ஊரா போய் வேலை செய்தார். ஞாயித்துக்கிழமை சபைகளில் பிரசங்கம் செய்வார். பேசத் தெரிஞ்சது அங்கதான்.

1872 பிப்ரவரி 7-ஆம் தேதி பக்கத்து ஊர் வெல்ஸ்போர்னில் இருந்து மூணு ஆளுங்க அவர் வீட்டுக்கு வந்தாங்க. கூலி பத்தலை, சங்கம் வைக்கணும், வந்து பேசுங்கன்னு கேட்டாங்க. முப்பது நாற்பது பேர் வந்தால் பெரிசுன்னு நினைச்சுத்தான் போனார். அந்த ராத்திரி ஆயிரம் பேருக்கு மேல கூடிட்டாங்க. ஒரு பெரிய மரத்தடியில், பன்றி அறுக்கிற பலகை மேல ஏறி நின்னு பேசினார். அவரைச் சுத்தி கம்புகளில் லாந்தர் கட்டித் தொங்க விட்டிருந்தாங்க.

வாரத்துக்கு 16 ஷில்லிங் கூலி வேணும்னு கேட்டாங்க. அப்போ பல பேருக்குக் கிடைச்சது 12 ஷில்லிங்தான். அந்த மே மாசமே தேசிய விவசாயத் தொழிலாளர் சங்கம் உருவாச்சு, இவர் தலைவர். ஆளுக்கு வாரம் 2 பென்ஸ் சந்தா. இரண்டே வருஷத்துல 80,000 பேருக்கு மேல சேர்ந்தாங்க. பல இடத்துல கூலி உயர்ந்தது.

இதுல பெண்களுக்கும் பங்கு உண்டு. 1873-ல் ஆக்ஸ்ஃபோர்டுஷயரில் அஸ்காட் கிராமத்துப் பெண்கள், வேலைநிறுத்தத்தை உடைக்க வந்த ஆளுங்களைத் தடுத்தாங்கன்னு 16 பேரை ஜெயிலுக்கு அனுப்பினாங்க. அதுல கைக்குழந்தைக்காரிகளும் உண்டு. சங்கத்துக்காரங்க பணம் வசூல் பண்ணி அவங்களுக்குக் கொடுத்தாங்க.

1874-ல் கிழக்கு மாவட்டங்களில் வாரத்துக்கு 1 ஷில்லிங் கூடக் கேட்டதுக்கு, பண்ணையாருங்க ஆயிரக்கணக்கான பேரை வேலைக்கு வராதேன்னு நிறுத்திட்டாங்க. சங்கம் பல மாசம் அவங்களுக்குப் பணம் கொடுத்துக் கொடுத்து இருப்பெல்லாம் தீர்ந்து போச்சு. சங்கம் தோத்தது. அதுக்கப்புறம் உள்ளுக்குள்ளேயே பணத்தைப் பத்தி சண்டை. உறுப்பினர் குறைஞ்சு போய், 1890-களில் சங்கமே இல்லாமல் போச்சு.

ஆனா ஒரு பெரிய காரியம் நடந்தது. 1884-ல் கிராமத்துக் கூலி ஆண்களுக்கும் ஓட்டுரிமை கிடைச்சது. அதுக்காக ஆர்ச் ஊர் ஊரா பேசியிருந்தார். அடுத்த வருஷம் வடமேற்கு நார்ஃபோக் தொகுதியில் நின்னு ஜெயிச்சார். பார்லிமெண்டுக்குப் போன முதல் விவசாயக் கூலி இவர்தான். இளவரசரோட சாண்ட்ரிங்காம் மாளிகை இருக்கிறதும் அந்தத் தொகுதியில்தான். 1886-ல் தோத்தார், 1892-ல் திரும்ப ஜெயிச்சு 1900 வரை இருந்தார். மரத்தடியில் பேசின அளவுக்கு அங்க பேசலைன்னு சில பேருக்கு அவர் மேல வருத்தமும் உண்டு.

பதவி முடிஞ்சதும் பார்ஃபோர்டு கிராமத்துக்கே திரும்பி வந்து, அதே சின்ன வீட்டில் இருந்து 1919-ல் 92 வயசில் இறந்தார்.

இதை எழுதும்போது எனக்கு இரண்டு விஷயம் மனசுல பட்டது. 1884-ல் ஓட்டு ஆண்களுக்கு மட்டும்தான். துணி துவைச்சுக் குடும்பம் காப்பாத்தின அம்மா மாதிரி பெண்களுக்கும், ஜெயிலுக்குப் போன பெண்களுக்கும் இல்லை. 1918-ல்தான் 30 வயசு ஆன பெண்களில் ஒரு பகுதிக்குக் கிடைச்சது. நமக்கு 18 வயசிலேயே இருக்கு. அதை யார் சொல்றாங்கன்னு பார்த்துப் போடாமல், நாமே யோசிச்சுப் போடணும்.

இரண்டாவது, 80,000 பேர் சேர்ந்த சங்கமே பணச் சண்டையில் நொடிஞ்சு போச்சு. நம்ம குழுவில் இருக்கிறது 12 பேர், 15 பேர்தான். கூட்டத்துல கணக்கு வாசிக்கும்போது அடுப்புல வேலை இருக்குன்னு எழுந்திரிக்காமல் உட்கார்ந்து கேட்போம். புரியலைன்னா திரும்ப வாசிக்கச் சொல்வோம். அதுல வெட்கம் வேண்டாம் சகோதரிகளே.