முதல் நாயகி மட்டும்தானா?

வடசென்னை என்றதும் துறைமுகமும் ஆலைகளும் மட்டுமே நினைவுக்கு வருவது முறையன்று என்பேன். எங்கள் ராயபுரத்திலிருந்து அதிகத் தொலைவில்லாத கினிமா சென்ட்ரல் அரங்கில்தான், 1931 அக்டோபர் 31 அன்று முதல் தமிழ்ப் பேசும்படமான 'காளிதாஸ்' வெளியானது. அதன் நாயகி டி.பி. ராஜலட்சுமி.

தஞ்சைப் பகுதியில் 1911-இல் பிறந்து, குழந்தை மணத்தின் துயரைக் கடந்து, நாடக மேடையில் வளர்ந்தவர் அவர். நாயகி என்ற புகழோடு அவர் நின்றுவிடவில்லை. தாம் எழுதிய 'கமலவல்லி' நாவலை 1936-இல் 'மிஸ் கமலா' என்னும் படமாகத் தாமே தயாரித்து, இயக்கி, நடித்தார். பெண்கள் நடிக்க வருவதே இழுக்காகக் கருதப்பட்ட காலத்தில் தென்னிந்தியாவின் முதல் பெண் இயக்குநரானார். விடுதலை வேட்கையோடு அவர் எடுத்த 'இந்தியத் தாய்' ஆங்கிலேயத் தணிக்கையில் சிக்கிப் பொருளிழப்பைத் தந்தது. 1964-இல் மறைந்தார்.

நாம் அவரை முதல் நாயகி என்று மட்டுமே நினைவுகூர்கிறோம். அது பாதிப் புகழே. திரையில் தோன்றியதைவிட, முதலீட்டையும் முடிவையும் தம் கையில் வைத்துக்கொண்டதே அவருடைய பெருந்துணிவு. 'காளிதாஸ்' படச்சுருள்கூட இன்று நம்மிடம் இல்லை. அந்த அரங்கு இருந்த இடத்தில் ஒரு நினைவுக்கல்லாவது வேண்டும். அதில் இயக்குநர், தயாரிப்பாளர் என்ற சொற்கள் முதலில் இடம்பெற வேண்டும்.