கலைவாணர் என். எஸ். கிருஷ்ணன்

விடுமுறையில் சென்னை செல்லும் நம் தில்லிக் குழந்தைகள் வாலாஜா சாலையில் கலைவாணர் அரங்கத்தைக் கண்டிருப்பார்கள். அப்பெயருக்குரியவர் யார் என்று வினவினால், பழைய சினிமா நடிகர் என்று கூறி முடித்துவிடுகிறோம். அது போதாது.

1908ஆம் ஆண்டு நவம்பர் 29ஆம் நாள், நாகர்கோவிலை அடுத்த ஒழுகினசேரியில் ஓர் ஏழைக் குடும்பத்தில் கிருஷ்ணன் பிறந்தார். நாடகக் கொட்டகையில் தின்பண்டம் விற்ற சிறுவன், பின்னர் டி. கே. எஸ். சகோதரர்களின் குழுவில் நடிகரானார். 'மேனகா' (1935), 'சதி லீலாவதி' (1936) ஆகிய படங்கள் அவரைத் திரைக்குக் கொணர்ந்தன.

அவர் கையாண்ட முறையைச் சற்று விளக்க வேண்டும். தம் நகைச்சுவைப் பகுதியைத் தாமே எழுதித் தம் குழுவினரைக் கொண்டே நடத்துவார். மூலக் கதையோடு அதற்குப் பெரும்பாலும் தொடர்பிராது. ஆகவே கதாநாயகரின் வருகைக்கோ பெரிய காட்சி ஜோடனைக்கோ காத்திருக்க வேண்டியதில்லை. குறைந்த செலவில், படத்துக்குள் ஒரு சிறு படம் உருவாகிவிடும்! கதை தளர்ந்த படங்களையும் இப்பகுதிகள் தாங்கி நின்றன என்பது மிகையன்று. 1941இல் வெளிவந்த 'அலிபாபாவும் 40 திருடர்களும்' படத்திலோ கிருஷ்ணனும் அவர் துணைவியார் டி. ஏ. மதுரமுமே முதன்மைப் பாத்திரங்கள். 'வசந்தசேனா' படப்பிடிப்புக்காகப் பூனா சென்றபோது அரும்பிய உறவு அது.

புகழின் உச்சியில் இடி விழுந்தது. லட்சுமிகாந்தன் கொலை வழக்கில் 1944 இறுதியில் கைதாகி, மறு ஆண்டு தியாகராஜ பாகவதருடன் ஆயுள் தண்டனை பெற்றார். மேல்முறையீடு இலண்டன் பிரிவி கவுன்சில் வரை சென்றது. தலைவரை இழந்த குழு கலைந்திருக்கலாம். ஆனால் மதுரம் அம்மையாரும் எஸ். வி. சகஸ்ரநாமமும் நாடகங்களை நிறுத்தவில்லை. 'பைத்தியக்காரன்' படத்தையும் தொடங்கினர். இரண்டாண்டுகளுக்கு மேல் சிறையிலிருந்து, மறு விசாரணையில் 1947 ஏப்ரலில் விடுதலையான கிருஷ்ணன், அப்படத்திலேயே மீண்டும் தோன்றினார். பாகவதரின் திரைவாழ்வு சிறைக்குப்பின் தழைக்கவில்லை, கிருஷ்ணனுடையதோ தழைத்தது. காத்திருந்த அக்குழுவும் அதற்கொரு காரணமென்றே கருதுகிறேன்.

பம்மல் சம்பந்த முதலியார் கையால் 'கலைவாணர்' பட்டம் பெற்றதும் அவ்வாண்டிலேதான். 'நல்லதம்பி' (1949) படத்தில் அவர் நிகழ்த்திய கிந்தனார் காலட்சேபம், நந்தனார் கதையைப் புதுக்கோலத்தில் சொன்னது. ஒடுக்கப்பட்ட குலத்துச் சிறுவன் பட்டணம் சென்று கல்வியால் உயர்கிறான். கோயிற் கதவு திறக்கக் காத்து நின்றவரின் கதை, பள்ளிக்கூடம் நாடிச் சென்றவனின் கதையாயிற்று. சபை சிரித்தது, சிரித்தபின் சிந்தித்தது.

'மணமகள்' (1951), 'பணம்' (1952) ஆகியவற்றை அவரே இயக்கினார். ஈட்டிய பொருளைக் கேட்டவர்க்கெல்லாம் ஈந்தார். 1957 ஆகஸ்டு 30ஆம் நாள், 49 வயது நிறையுமுன் மறைந்தார். தியாகராய நகரில் அவருடைய சிலையை 1969 பொங்கலன்று திறந்து வைத்தவர், 'நல்லதம்பி'க்குக் கதை எழுதிய அறிஞர் அண்ணா. அப்போது முதலமைச்சராகவும் நோயாளியாகவும் இருந்த அவர், மூன்று வாரங்களில் தாமும் மறைந்தார்.