ஸ்ரீமதி ஜானகி அம்மாள்

சென்னையிலிருந்து சுங்குவார்சத்திரத்துத் தொழிற்சாலைகளுக்கு ஆட்களை ஏற்றிச் செல்லும் பஸ்கள் மதுரவாயலைக் கடந்தே போகின்றன. ஜானகி அம்மாள் என்ற விஞ்ஞானி தமது கடைசிக் காலத்தைக் கழித்த ஊர் அது. அத்தொழிலாளிகள் இவ்வம்மையாரை அறிந்திருக்கக் காரணம் உண்டு.

இவர் 1897-ம் வருஷம் தலைச்சேரியில் பிறந்தார். சென்னையில் பயின்று, 1931-ல் அமெரிக்காவின் மிச்சிகன் சர்வகலாசாலையில் டாக்டர் பட்டம் பெற்றார். நம் ஸ்திரீகள் கலாசாலைப் படியேறுவதே அபூர்வமாயிருந்த காலம் அது! பின்னர் கோயமுத்தூரில் கரும்பின் குரோமோஸோம்களை, அதாவது பெற்றோரின் இயல்புகளைச் சந்ததிக்குக் கொண்டு செல்லும் நுண்ணிழைகளை, ஆராய்ந்தார். அதன்பின் இங்கிலாந்து சென்றார். யுத்தத்தின் நடுவிலும் வேலை நிற்கவில்லை. டார்லிங்டனுடன் சேர்ந்து எழுதிய பயிர்களின் குரோமோஸோம் நூல் 1945-ல் வெளிவந்தது.

அதன்பின் விஸ்லி தோட்டத்தில் அவர் கையாண்ட பொருள் கோல்ச்சிசின். நம் கண்வலிக் கிழங்கிலும் உள்ள விஷமே அது. உயிரணு இரண்டாகப் பிரியும்போது குரோமோஸோம்களை இருபுறமும் இழுக்கும் நூல்களை அது உருவாகவொட்டாது தடுக்கிறது. பிரிய இயலாத அணுவில் குரோமோஸோம்கள் இரட்டிக்கின்றன. மக்னோலியாச் செடியில் அம்மையார் இதைச் செய்து காட்டினார். கிழங்கைத் தின்ற மனிதனுக்கோ, அணுக்கள் ஓயாது பிரியும் குடலும் எலும்பு மஜ்ஜையும் கெட்டு உயிரே போகக்கூடும்.

புறத்தேயிருந்து வரும் ஒன்று பரம்பரை இயல்பையே மாற்றவல்லது என்பதை, எக்ஸ் கதிரைக் கொண்டு ஈக்களிடத்தில் முல்லர் 1927-லேயே நிரூபித்திருந்தார். பென்ஸீன் ஆவியைச் சுவாசிக்கும் தொழிலாளியின் குரோமோஸோம்கள் சிதைவதும், ரத்தப் புற்றுநோய் உண்டாவதும் இன்று ஐயமற்ற உண்மைகள். அச்சிதைவைக் காண்பது எங்ஙனம்? ரத்தத்தின் வெள்ளணுக்களை வளர்த்து, பிரியும் தருணத்தில் அவற்றை நிறுத்த வேண்டும். நிறுத்தித் தருவது கோல்ச்சிசினும் அதன் இனப் பொருள்களுமே! மனிதனுக்குள்ள குரோமோஸோம்கள் 46 என்று 1956-ல் கணக்கிடப்பட்டதும் அதன் துணையால்தான். ஆகவே, பென்ஸீனோ கதிரோ புழங்கும் இடத்தில் வேலை செய்வோர் வருஷந்தோறும் ரத்தப் பரிசோதனை கோரினால் அதைச் சலுகை என்று முதலாளிகள் எண்ணலாகாது.

ஜவாஹர்லால் நேருவின் அழைப்பை ஏற்று 1951-ல் தாயகம் திரும்பிய அம்மையார், தாவர ஆய்வு இலாகாவைச் சீர்திருத்தினார். முதுமையில் அமைதிப் பள்ளத்தாக்குக் காட்டைக் காக்கவும் குரல் கொடுத்தார். மதுரவாயலில், சென்னை சர்வகலாசாலையின் ஆராய்ச்சிக் களத்தில், மூலிகைகளை வளர்த்து ஆராய்ந்து வந்தவர், 1984 பிப்ரவரியில், 86-ம் வயதில் காலமானார்.