தென்கரை மகாலிங்கம்
ஐந்து வயதில் மேடை ஏறியவர்

மதுரையிலிருந்து திண்டுக்கல் போகும் ரயிலில் ஏறினால், வழியில் வருவது சோழவந்தான். சுற்றிலும் நெல் வயல், தென்னந்தோப்பு, வெற்றிலைக் கொடிக்கால். ஊருக்குத் தெற்கே வைகை ஆறு. ஆற்றைக் கடந்தால் தென்கரை என்ற சிற்றூர்.

இந்தச் சிற்றூரின் பெயரைத் தமிழ்நாடு முழுவதும் கொண்டு போனவர் டி.ஆர். மகாலிங்கம். பெயருக்கு முன்னால் உள்ள "டி" தென்கரையைக் குறிப்பது. "ஆர்" அவருடைய தந்தை ராமகிருஷ்ணனைக் குறிப்பது. 1924-ம் ஆண்டு ஜூன் 16-ந் தேதி அவர் பிறந்தார்.

அந்தக் காலத்தில் மதுரைச் சீமை நாடகத்திலே ஊறிக் கிடந்தது. சங்கரதாஸ் சுவாமிகள் 1918-ல் மதுரையில்தான் தத்துவ மீனலோசனி வித்துவ பாலசபாவைத் தொடங்கினார். சிறுவர்களை வைத்து நாடகம் நடத்திய சபை அது. சுவாமிகள் 1922-ல் மறைந்த பிறகும் அவர் எழுதிய நாடகங்கள் ஊர் ஊராக நடந்துகொண்டே இருந்தன. அறுவடை முடிந்து கோவில் திருவிழா தொடங்கிவிட்டால் வள்ளி திருமணம், பவளக்கொடி, கோவலன் என்று இரவெல்லாம் கூத்துத்தான்.

"ஸ்பெஷல்" நாடகம் என்று அதற்குப் பெயர். நடிகர்கள் ஒரே கம்பெனியைச் சேர்ந்தவர்களாக இருக்க மாட்டார்கள். ராஜபார்ட் ஓர் ஊரிலிருந்து வருவார். ஸ்திரீ பார்ட் வேறோர் ஊரிலிருந்து வருவார். ஒத்திகை கிடையாது. இரவு பத்து மணிக்கு மேடையில் சந்திப்பார்கள். பாட்டுக்குப் பாட்டு, தர்க்கத்துக்குத் தர்க்கம் என்று பொழுது விடியும் வரை மோதுவார்கள். மைக் கிடையாது. ஆற்று மணலில் கடைசி வரிசையில் துண்டை விரித்து உட்கார்ந்திருப்பவன் காதிலும் பாட்டு விழ வேண்டும். ஆகவே உச்ச சுருதியில் பாடத் தெரிந்தவர்தான் ராஜபார்ட். மற்றத் திறமைகள் எல்லாம் அதற்குப் பிறகுதான்.

இப்படிப்பட்ட மேடையில் மகாலிங்கம் ஐந்து வயதிலேயே ஏறினார். பள்ளிப் படிப்பை விடப் பஜனையும் பாட்டுமே அவருக்குப் பிடித்திருந்தன.

கிட்டப்பாவின் வழியில்...

அப்போது நாடக மேடையின் சக்கரவர்த்தியாக விளங்கியவர் செங்கோட்டை எஸ்.ஜி. கிட்டப்பா. அவர் 1933 டிசம்பரில், 27-ம் வயதில் காலமானார். மகாலிங்கத்துக்கு அப்போது ஒன்பது வயது. கிட்டப்பா போய்விட்டாரே என்று ரசிகர்கள் ஏங்கிக்கொண்டிருந்த நேரத்தில், அவருடைய பாட்டுகளை அதே உச்ச ஸ்தாயியில் பாடினான் தென்கரைப் பையன். ஜனங்கள் கேட்டு வியந்தார்கள்.

ஒருவரைப் போலப் பாடுவது பெயரும் தரும், ஆபத்தும் தரும். வாழ்நாள் முழுவதும் நிழல் என்ற பட்டத்தோடு முடிந்து போனவர்கள் உண்டு. மகாலிங்கம் அப்படி முடிந்து போகவில்லை. கிட்டப்பாவின் வேகத்தை எடுத்துக்கொண்டு, சொற்களைத் தெளிவாக உச்சரிக்கும் தம்முடைய வழக்கத்தையும் அதோடு சேர்த்துக்கொண்டார். ஒரு சொல்கூட விழுங்கப்படாமல் காதில் விழும்.

சிறுவன் நடித்த நாடகத்தைப் பார்த்த ஏ.வி. மெய்யப்ப செட்டியார், தம்முடைய "நந்தகுமார்" படத்தில் கிருஷ்ணன் வேடம் கொடுத்தார். படம் 1938-ல் வெளிவந்தது. அதற்கு இசை அமைத்த எஸ்.வி. வெங்கட்ராமனும் சோழவந்தான் பக்கத்துக்காரர்தான்.

இந்தப் படத்தில் இன்னொரு விசேஷமும் உண்டு. நடிப்பவர் ஒருவர், அவருக்காகப் பாடுபவர் வேறொருவர் என்ற ஏற்பாடு தமிழ்ப் பட உலகில் முதன்முதலாக இதில்தான் கையாளப்பட்டது. லலிதா வெங்கட்ராமன் என்பவர் பின்னணி பாடினார். சொந்தக் குரலை நம்பியே சினிமாவுக்கு வந்த சிறுவனின் முதல் படத்திலேயே, அவனைப் போன்றவர்களின் பிழைப்புக்குப் பிற்காலத்தில் உலை வைக்கப்போகும் வித்தையும் உள்ளே நுழைந்துவிட்டது! அன்று அதை யாரும் நினைத்திருக்க மாட்டார்கள்.

அடுத்து "பிரகலாதா" வந்தது. பிறகு சில படங்கள். பையனாக இருந்தவர் வாலிபரானார். குரல் உடைந்து எத்தனையோ பாலநடிகர்கள் காணாமல் போனார்கள். மகாலிங்கத்தின் குரல் தப்பியது.

ஸ்ரீவள்ளி

1944 இறுதியில் எம்.கே. தியாகராஜ பாகவதர் லட்சுமிகாந்தன் கொலை வழக்கில் கைதானார். பாடும் கதாநாயகருக்குத் தமிழ்ப் படத்தில் பெரிய இடம் காலியாயிற்று. மறு ஆண்டே "ஸ்ரீவள்ளி" வெளிவந்தது. முருகனாக மகாலிங்கம், வள்ளியாகக் குமாரி ருக்மணி.

மதுரைச் சீமையில் வள்ளி திருமணம் தெரியாத ஆள் கிடையாது. வேடனாகவும் விருத்தனாகவும் வந்து தினைப்புனத்தில் வள்ளியை மயக்கும் முருகனை மேடையில் ஆயிரம் தடவை பார்த்தவர்கள் அவர்கள். அவர்களே மறுபடியும் மறுபடியும் படக் கொட்டகைக்குப் போனார்கள். மேடையில் தூரத்தில் நின்று பாடிய முருகன் இப்போது திரையில் முகத்துக்கு நேரே நின்று பாடினார்.

வள்ளியின் பாட்டு மகாலிங்கத்தின் பாட்டுக்கு ஈடாக இல்லை என்று செட்டியாருக்குத் தோன்றியது. பி.ஏ. பெரியநாயகியைப் பாட வைத்து, ருக்மணியின் பாட்டுகளுக்குப் பதிலாக அந்தக் குரலைச் சேர்த்தார். மகாலிங்கத்தோடு ஜோடி சேர்ந்து பாடுவது அவ்வளவு சிரமமான காரியமாக இருந்தது.

1947-ல் "நாம் இருவர்." காரைக்குடியில் செட்டியார் அமைத்த ஸ்டூடியோவில் எடுத்த படம். பாரதியார் பாடல்கள் திரையில் முழங்கின. சுதந்திரம் வரப்போகும் நேரம். சொல்லவா வேண்டும்! படம் அமோகமாக ஓடியது. அதன் பின் "ஞானசௌந்தரி", "வேதாள உலகம்", "பவளக்கொடி", "இதய கீதம்" என்று மகாலிங்கம் ஓய்வில்லாமல் நடித்தார். பணமும் புகழும் குவிந்தன.

சொந்தப் படம்

நடிகர் முதலாளி ஆனார். மகன் சுகுமாரின் பெயரில் சொந்தக் கம்பெனி தொடங்கினார். "மச்சரேகை" (1950), "மோகனசுந்தரம்" (1951), "சின்னதுரை" (1952), "விளையாட்டு பொம்மை" (1954) என்று படங்கள் எடுத்தார். "சின்னதுரை"யை அவரே டைரக்ட் செய்தார். டி.ஜி. லிங்கப்பா இசை அமைப்பாளரானது "மோகனசுந்தரம்" மூலம்தான்.

ஆனால் காலம் மாறிக்கொண்டிருந்தது. 1949-ல் "வேலைக்காரி", 1952-ல் "பராசக்தி". ஜனங்கள் வசனத்தைக் கேட்கப் படத்துக்குப் போகத் தொடங்கினார்கள். பாட்டு இருந்தது, ஆனால் நடிகர் பாட வேண்டிய அவசியம் இல்லை. பி.யு. சின்னப்பா 1951-ல் மறைந்தார். விடுதலையாகி வந்த பாகவதருக்குப் பழைய வெற்றி திரும்பவில்லை. மதுரையிலேயே பிறந்த டி.எம். சௌந்தரராஜன் மற்ற நடிகர்களுக்குக் குரல் கொடுத்துப் புகழ் ஏணியில் ஏறிக்கொண்டிருந்தார். கையில் இருந்த பணத்தை எல்லாம் போட்டுப் படம் எடுக்க மகாலிங்கம் தேர்ந்தெடுத்தது இந்த வேளையைத்தான். நஷ்டம் வந்தது. சேர்த்த சொத்து போயிற்று. முப்பது வயதில், நல்ல குரலோடு, வாய்ப்பில்லாமல் இருந்தார்.

பாடுகிற தொழிலில் இருந்தவர் படம் எடுக்கிற தொழிலுக்குப் போயிருக்க வேண்டாம் என்று சொல்வது சுலபம். அன்று சம்பாதித்த நடிகர்கள் பலரும் செய்த காரியம்தான் அது.

கவிஞர் கொடுத்த கை

இந்த நிலையில் கைகொடுத்தவர் கவிஞர் கண்ணதாசன். தாம் தயாரித்த "மாலையிட்ட மங்கை"க்கு (1958) மகாலிங்கத்தையே கதாநாயகராகப் போட்டார். மார்க்கெட் போன நடிகரை வைத்துப் படமா என்று கேட்டவர்களை அவர் பொருட்படுத்தவில்லை. விசுவநாதன் - ராமமூர்த்தி இசை. மனோரமா திரைக்கு வந்ததும் இந்தப் படத்தில்தான்.

கவிஞர் எழுதிய பாட்டை மகாலிங்கம் உச்சஸ்தாயியில் எடுத்தபோது, கொட்டகையில் இருந்தவர்கள் நிமிர்ந்து உட்கார்ந்தார்கள். படமும் வென்றது. பாட்டுகள் கல்யாண வீட்டு ஒலிபெருக்கிகளில் எல்லாம் முழங்கின. மறுபடி படங்கள் வந்தன. 1961-ல் வண்ணப் படமாக எடுத்த "ஸ்ரீவள்ளி"யில் சிவாஜி கணேசன் முருகன். பழைய முருகனான மகாலிங்கம் நாரதர். அந்த மாற்றத்தை அவர் முகம் சுளிக்காமல் ஏற்றுக்கொண்டார் என்பதுதான் கவனிக்க வேண்டியது.

பாணபத்திரர்

1965-ல் ஏ.பி. நாகராஜனின் "திருவிளையாடல்" வெளிவந்தது. மதுரைக் கதை. வரகுண பாண்டியன் சபைக்கு வந்த ஹேமநாத பாகவதர், தம்மை வெல்ல இந்த ஊரில் ஆள் உண்டா என்று அறைகூவுகிறார். பாண்டியன் பாணபத்திரரைப் பாடச் சொல்கிறான். தோற்றுவிடுவோமோ என்று கலங்கிய பாணபத்திரர் சொக்கநாதர் சன்னிதியில் போய் விழுகிறார். இறைவன் விறகு விற்பவனாக வந்து ஹேமநாதரைப் பாட்டாலேயே ஓட்டுகிறார்.

பாணபத்திரராக மகாலிங்கம். ஹேமநாதராக டி.எஸ். பாலையா, அவருக்குப் பாடியவர் பாலமுரளி கிருஷ்ணா. விறகுவெட்டி சிவாஜி, அவருக்குக் குரல் டி.எம். சௌந்தரராஜன். இத்தனை பேர் நடுவே, தம் பாட்டைத் தாமே பாடி நடித்தவர் மகாலிங்கம். அதே படத்தில் ஔவையாராக வந்து சொந்தக் குரலில் பாடியவர் கே.பி. சுந்தராம்பாள். கிட்டப்பாவின் மனைவி! கிட்டப்பாவின் பாட்டைப் பாடி வளர்ந்த சிறுவன், நாற்பது வயதைத் தாண்டி, அந்த அம்மையாரோடு ஒரே படத்தில் இடம் பெற்றான்.

சன்னிதியில் பாணபத்திரர் கலங்கிப் பாடும் காட்சியில் மகாலிங்கம் அதிகமாக நடிக்கவில்லை. கைகூப்பி நின்று பாடுகிறார், அவ்வளவுதான். சபையில் தோற்றால் பெயர் போய்விடும் என்ற பயம் அந்தக் குரலில் இருக்கிறது. பத்து வருஷத்துக்கு முன் பெயர் போன அனுபவம் அவருக்கும் உண்டல்லவா?

அதன் பிறகு "அகத்தியர்", "திருநீலகண்டர்" முதலிய பக்திப் படங்களில் நடித்தார். தமிழின் முதல் சினிமாஸ்கோப் படமான "ராஜராஜ சோழன்" (1973) படத்தில், "மச்சரேகை" காலத்து ஜோடியான எஸ். வரலட்சுமியும் அவரும் மறுபடி இடம் பெற்றார்கள்.

1978 ஏப்ரல் 21-ந் தேதி மகாலிங்கம் காலமானார். 54 வயது நிறைய இரண்டு மாதம் பாக்கி இருந்தது. மதுரைப் பக்கத்துக் கிராமங்களில் திருவிழா என்றால், வள்ளி திருமணம் தொடங்குவதற்கு முன் ஒலிபெருக்கியில் பாணபத்திரர் பாட்டைப் போடும் வழக்கம் அவருக்குப் பிறகும் நிற்கவில்லை.